போமின் கிளிசரின் உருளை

இரண்டு உருளைகள், ஒன்றுக்குள் ஒன்று. நடுவில் கிளிசரின். அதில் ஒரு சொட்டு மை. உள் உருளையை மெதுவாகச் சுற்றினால் சொட்டு இழுபட்டு நூலாகும், நூல் மெலியும், கடைசியில் கண்ணுக்கே தெரியாமல் போய்விடும். சுற்றிய அளவுக்கே திருப்பிச் சுற்றினால், போன மை அத்தனையும் திரும்ப வந்து சொட்டாக நிற்கும். கல்லூரி இயற்பியல் துறையில் லேப் டெக்னீசியனாக இருந்த காலம் தொட்டு ஓய்வுபெற்ற பிறகும் நான் விடாமல் செய்துவரும் கருவி இது. பள்ளிகளுக்குச் செய்து கொடுக்கிறேன். கற்றுக்கொள்ள வரும் பிள்ளைகளுக்குச் சொல்லித் தருகிறேன். அவர்களுக்கு வாயால் சொல்வதை ஒருமுறை எழுதியும் வைத்துவிடலாம் என்றுதான் இதை எழுதுகிறேன்.

இந்தக் கருவியைப் பற்றி எனக்கு முதலில் சொன்னவர் எங்கள் துறையில் இருந்த பேராசிரியை ஒருவர். இயற்பியலாளர் டேவிட் போம் எழுதிய ‘ஹோல்னஸ் அண்ட் தி இம்ப்ளிகேட் ஆர்டர்’ என்ற புத்தகத்தைக் கொண்டுவந்து, ஒரு பக்கத்தை விரித்து, “இதைச் செய்ய முடியுமா பாருங்கள்” என்று கேட்டார். 1980இல் வந்த புத்தகம் அது. படம் பார்த்துச் செய்துவிடலாம் என்று தோன்றும்படி எளிமையாகத்தான் அந்த விவரிப்பு இருந்தது. போம் இதைக் கண்டுபிடித்தவர் இல்லை. திரவ இயக்கம் படிப்பவர்களுக்கு முன்பே பழக்கமான விஷயம்தான். ஜி. ஐ. டெய்லர் என்ற ஆங்கிலேய விஞ்ஞானி 1960களில் எடுத்த பாடப் படத்தில் இதைத் தன் கையாலேயே சுற்றிக் காட்டுகிறார். போம் இதைப் பார்த்தது பி.பி.சி. தொலைக்காட்சியில். ஆயிரம் பேர் பார்த்து வியந்துவிட்டுப் போன காட்சியில், தான் வெகுநாளாகத் தேடிக்கொண்டிருந்த ஒன்று இருப்பதாக அவருக்குப் பட்டது. அவர் என்ன தேடினார் என்பதைப் பிறகு சொல்கிறேன். முதலில் சரக்கு.

கிளிசரின் வாங்கும்போதே பாதி வேலை முடிந்துவிடும், அல்லது கெட்டுவிடும். மருந்துக்கடைச் சிறு பாட்டில்களில் வாங்கினால் கட்டுப்படி ஆகாது. கெமிக்கல் கடையில் ஐந்து லிட்டர் கேனாக வாங்க வேண்டும். கேனின் சீல் உடையாமல் இருக்கிறதா என்று பாருங்கள். கிளிசரின் காற்றில் உள்ள ஈரத்தைத் தானாக உறிஞ்சிக்கொள்ளும். 100 பங்கில் 5 பங்கு தண்ணீர் சேர்ந்தாலே அதன் பாகுநிலை ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்காக இறங்கிவிடும். கடைக்காரர் கேனைத் திறந்து சில்லறைக்கு ஊற்றி ஊற்றி மீதத்தைக் கொடுத்தால் பார்க்க ஒன்றும் தெரியாது, விலையும் குறையும், ஆனால் சொட்டு திரும்ப வரும்போது கலங்கி நிற்கும். நான் எப்போதும் ஒரு சோதனை செய்வேன். உயரமான சோதனைக் குழாயில் கிளிசரினை நிரப்பி ஒரு சைக்கிள் பால்ரஸ் குண்டைப் போட்டு, அது அடி சேர எவ்வளவு நேரம் ஆகிறது என்று பார்ப்பேன். பழைய கேனிலும் புதிய கேனிலும் அதே குண்டு, அதே குழாய். சீக்கிரம் விழுந்தால் தண்ணீர் சேர்ந்திருக்கிறது என்று அர்த்தம். பிளஸ் டூ பையனுக்குத் தெரிந்த ஸ்டோக்ஸ் சோதனைதான். வேறு உபகரணம் தேவையில்லை.

வெப்பமும் இதே வேலையைச் செய்யும். 20 டிகிரியில் கிளிசரின் தண்ணீரைப் போல சுமார் 1,400 மடங்கு கெட்டி. 30 டிகிரிக்குப் போனால் அதில் பாதிகூட இருக்காது. அதனால் மார்கழி காலையில் அழகாகத் திரும்பி வரும் சொட்டு, சித்திரை மதியத்தில் அதே கருவியில் சோம்பும். செய்முறை காட்டப் போகும் பள்ளியில் காற்றாடிக்குக் கீழே, வெயில் படாத இடமாகப் பார்த்து மேசையைப் போடச் சொல்லுங்கள். முதல் நாள் இரவே கருவியை அங்கே கொண்டுபோய் வைத்துவிட்டால் இன்னும் நல்லது. அடியில் ஒரு சூடு, மேலே ஒரு சூடு என்று இருந்தால் உள்ளுக்குள் திரவம் தானாக நகரும். நாம் சுற்றாத அந்த நகர்வை நம்மால் திருப்பிச் சுற்ற முடியாது.

ஊற்றும்போது குமிழி வரக்கூடாது. வெளி உருளையைச் சாய்த்து, கண்ணாடிக் கம்பி ஒன்றைச் சுவரோடு ஒட்டிப் பிடித்து, கம்பி வழியாக இறங்க விடுங்கள். அவசரமாக ஊற்றிவிட்டு, குமிழி போகட்டும் என்று அடுப்பில் வைத்துச் சூடாக்கும் பழக்கம் சிலரிடம் உண்டு. வெந்நீர்ப் பாத்திரத்துக்குள் கேனை வைத்து முன்கூட்டியே வெதுவெதுப்பாக்கி ஊற்றுவது வேறு, ஊற்றிய பிறகு அக்ரிலிக் குழாயைச் சூடாக்குவது வேறு. பின்னதைச் செய்தால் குளோரோஃபார்ம் விட்டு ஒட்டிய அடித்தட்டு இளகும். ஊற்றி முடித்ததும் மூடி போட்டு ஒரு ராத்திரி விட்டுவிடுங்கள். குமிழி தானாக மேலே வந்துவிடும்.

இனி உருளைகள். நான் வழக்கமாகச் செய்யும் அளவு இது: வெளிக்குழாய் உள்விட்டம் 90 மில்லிமீட்டர், உள் உருளை 60, திரவத்தின் உயரம் 200. முக்கால் லிட்டருக்குச் சற்றுக் குறைவான கிளிசரின் பிடிக்கும். வெளிக்குழாய் தெளிவான அக்ரிலிக். உள் உருளைக்கு வெள்ளைப் பூச்சு அடிக்க வேண்டும், இல்லாவிட்டால் மை நூல் மெலியும்போது பின்வரிசைப் பிள்ளைகளுக்குத் தெரியாது. உருளை நடுவே 12 மில்லிமீட்டர் ஷாஃப்ட். மேல் தட்டில் இரண்டு 6001 பேரிங், ஒன்றுக்கொன்று தள்ளி. அடியில் டெஃப்ளான் புஷ்ஷில் ஒரு முனை உட்காரும். மேலே கைப்பிடி.

லேத் வேலையை நான் கற்றது கோயம்புத்தூரில் ஒரு சிறு பட்டறையில். அந்த ஆசானைப் போல ஒரு டர்னரை நான் பிறகு பார்த்ததில்லை. சக்கில் மாட்டிய பொருளைக் கண்ணால் பார்க்காமல், சுற்றும்போது வரும் சத்தத்தைக் கேட்டே எந்தத் தாடையை இறுக்க வேண்டும் என்று சொல்வார். உள் உருளை சுற்றும்போது லேசாகக் கோணல் தெரிந்தால் எல்லோரும் ஷாஃப்ட்டைப் போய்த் தேய்க்க ஆரம்பிப்பார்கள். அவர் வந்து பார்த்துவிட்டு, “ஏனுங்க தம்பி, ஷாஃப்ட்டை எதுக்குங்க தேய்க்கறீங்க? பேரிங்கைப் புடிச்சு ஆட்டிப் பாருங்க முதல்ல” என்றார். ஷாஃப்ட் முனையை இரண்டு விரலால் பிடித்துப் பக்கவாட்டில் தள்ளினார். டயல் கேஜின் முள் அசைந்தது. “கோணல் எங்கயும் போகாதுங்க. போன வழியே திரும்பி வந்துரும். ஆட்டம் அப்படி இல்லீங்க. போகும்போது ஒரு பக்கம் சாயும், வரும்போது இன்னொரு பக்கம் சாயும்.”

அவர் போமைப் படித்தவரும் இல்லை, திரவ இயக்கம் படித்தவரும் இல்லை. ஆனால் இந்தக் கருவியைப் பற்றி நான் கேட்டதிலேயே சரியான பேச்சு அதுதான். இவ்வளவு கெட்டியான திரவம் மெதுவாக நகரும்போது அதற்கு உந்தம் என்று ஒன்று கணக்கில் இல்லை. சுவர் எப்படி நகர்ந்ததோ அப்படியே திரவம் நகரும், சுவர் நின்றால் நிற்கும், சுவர் திரும்பினால் திரும்பும். ஆகவே சிறிய கோணல் பெரிய கெடுதல் செய்யாது, போன பாதையிலேயே திரும்பி வருமானால். பேரிங் ஆட்டம், புஷ் தேய்மானம், கைப்பிடியின் கிரப் ஸ்குரூ தளர்வு, இவைதான் சொட்டைக் கொல்கின்றன. கைப்பிடி நாலு சுற்று போயிருக்கும், உருளை மூன்றே முக்கால் போயிருக்கும். அதனால் சுற்று எண்ணும் அடையாளக் கோட்டைக் கைப்பிடியில் போடாதீர்கள், உருளையின் விளிம்பிலேயே போடுங்கள். எதிரில் வெளிக்குழாயில் இன்னொரு கோடு. இரண்டும் நேர் வந்தால்தான் ஒரு சுற்று.

மோட்டார் வைக்கலாமா என்று கேட்கிறவர்கள் உண்டு. வைக்கலாம். கியர் பற்களின் இடையில் உள்ள தளர்வு திசை மாறும்போது கணக்கைக் கெடுக்கும் என்பது ஒரு காரணம், ஆனால் அதைச் சரிசெய்யவும் வழி இருக்கிறது. நான் வைக்காததற்குக் காரணம் வேறு. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

மை. தொடங்குகிறவர்கள் அதிகம் தவறுவது இங்கேதான். பேனா மையைச் சொட்டு விட்டால் அது மிதந்து மேலே வந்துவிடும், ஏனென்றால் தண்ணீரைவிட கிளிசரின் கால் பங்குக்கு மேல் கனம். மை எந்தத் திரவத்துக்குள் போகிறதோ அந்தத் திரவத்திலேயே குழைத்ததாக இருக்க வேண்டும். கருவியில் ஊற்றும் அதே கேனிலிருந்து இரண்டு ஸ்பூன் எடுத்து வைத்துக்கொண்டு அதில் சாயத்தைக் குழையுங்கள். கேசரிப் பவுடர்கூடப் போதும், வகுப்பறைக்குப் பளிச்சென்று தெரியும். ஆனால் கரையும் சாயம் மெல்ல மெல்லப் பக்கத்துத் திரவத்துக்குள் பரவும், திரும்பி வரும் சொட்டின் ஓரம் மங்கும். போம் தன் புத்தகத்தில் கரையாத மை என்றே சொல்கிறார். நான் அதற்கு எடுத்துக்கொண்டது விளக்குக் கரி. நல்லெண்ணெய் விளக்கின் மேல் தட்டைக் கவிழ்த்துப் பிடித்த கரியை, வீட்டில் மை கூட்டுவதுபோல, கிளிசரின் விட்டு அம்மியில் வழித்து வழித்து அரைத்தேன். என் மனைவி அரைத்துக் கொடுத்ததுதான் எல்லாவற்றிலும் நைசாக வந்தது. கரித்துகள் பருமனாக இருப்பதால் பரவாது. சொட்டின் ஓரம் கத்தரித்ததுபோல் திரும்பி வரும்.

சொட்டு விடுவதற்கு 5 மில்லி சிரிஞ்சும் நீளமான ஊசியும். ஊசியைச் செங்குத்தாக இறக்கி, திரவத்தின் பாதி ஆழத்தில் நிறுத்தி, உளுந்துப் பருப்பளவுக்கு மையைத் தள்ளுங்கள். உடனே ஊசியை இழுத்தால் பின்னாலேயே ஒரு வால் எழும்பி வரும். அதற்கு முன் பிஸ்டனை ஒரு நூல் பின்னுக்கு இழுத்துவிட்டு, அதன் பிறகு ஊசியை வெளியே எடுங்கள். வால் வராது.

எல்லாம் தயார். இப்போது சுற்றுங்கள். ஒரு சுற்றுக்கு 20 விநாடி. சொட்டு முதலில் ஒரு பக்கம் முழங்கைபோல் வளையும். உள் உருளைக்கு அருகில் இருக்கும் மை வேகமாகப் போகும், வெளிச் சுவரை ஒட்டியிருப்பது நிற்கும், ஆகவே சொட்டு நீண்டு உருளையைச் சுற்றிக்கொள்ளும். இரண்டாவது சுற்றில் பட்டையாகத் தெரியும், மூன்றாவதில் ஒரு சாம்பல் நிழல், நாலாவதில் அந்த நிழலும் போய்விடும். அங்கே நிறுத்துங்கள். கொஞ்ச நேரம் யாரும் பேசாமல் அதைப் பார்க்கட்டும். பிள்ளைகளிடம் “மை எங்கே?” என்று கேட்டால் “கலந்துவிட்டது” என்பார்கள். பாலில் சர்க்கரை கலந்ததை யார் பிரிப்பார் என்று ஒரு பெண் கேட்டாள். திருப்பிச் சுற்றுங்கள். முதல் சுற்றில் ஒன்றும் தெரியாது, வகுப்பில் சலசலப்பு எழும். பிறகு நிழல் வரும், பட்டை வரும், பட்டை சுருங்கும். கடைசிக் கால் சுற்றில் அது சொட்டாகக் கூடும் வேகம், இத்தனை வருஷம் கழித்தும் என்னைக் கை நடுங்க வைக்கிறது.

போம் தேடியது இதைத்தான். அவர் 1917இல் அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில் வில்க்ஸ்-பேர் என்ற நிலக்கரி ஊரில், மரச்சாமான் கடைக்காரர் ஒருவரின் மகனாகப் பிறந்தவர். பெர்க்லியில் ஆப்பன்ஹைமரிடம் படித்தார். யுத்த காலம். அவருடைய ஆராய்ச்சியே ராணுவ ரகசியமாக்கப்பட்டு, அவரே அதைப் பார்க்க அனுமதி இல்லாமல் போனதால், ஆப்பன்ஹைமர் சான்று சொல்லித்தான் 1943இல் டாக்டர் பட்டம் வந்தது. அங்கே பிளாஸ்மாவைப் பற்றி வேலை செய்தபோது ஒன்றைக் கவனித்தார். தனித்தனியாகக் கண்டபடி ஓடுவதாகத் தோன்றும் எலெக்ட்ரான்கள் கூட்டமாக ஓர் ஒழுங்குக்குக் கட்டுப்பட்டு நடந்தன, அது உயிருள்ளதுபோல அவருக்குப் பட்டது. ஒழுங்கு இல்லாததுபோல் தெரிவதற்குள்ளும் ஒழுங்கு இருக்கலாம் என்ற நினைப்பு அவரை விடவே இல்லை.

நடுவில் அவர் பட்டதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கம்யூனிஸ்டுகளைத் தேடிய காலத்தில் அமெரிக்க நாடாளுமன்றக் குழுவின் முன் நண்பர்களைப் பற்றிச் சாட்சி சொல்ல மறுத்தார். 1950இல் கைது, 1951இல் விடுதலை, அதற்குள் பிரின்ஸ்டன் வேலை போயிற்று. பிரேசிலின் சாவ் பாவ்லோவுக்குப் போனார், அங்கே அமெரிக்கத் தூதரகம் பாஸ்போர்ட்டை வாங்கி வைத்துக்கொண்டது. 1952இல் வெளியான அவருடைய குவாண்டம் கட்டுரைகளைப் பெரிய பெயர்கள் பலர் கண்டுகொள்ளவில்லை. பிறகு இஸ்ரேலில் ஹைஃபா, இங்கிலாந்தில் பிரிஸ்டல், 1961 முதல் லண்டன் பிர்க்பெக் கல்லூரி. அந்தக் கட்டுரைகளின் சரி தவறைச் சொல்ல நான் ஆள் இல்லை. ஆனால் ஒரே கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டு இத்தனை ஊர் மாறியவர், தொலைக்காட்சியில் மை மறைந்து திரும்பி வருவதைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பார் என்பது எனக்குத் தெரியும். கண்ணுக்குத் தெரியும் சொட்டு விரிந்த ஒழுங்கு. கரைந்ததுபோல் நிற்கும் சாம்பல் உள்மடிந்த ஒழுங்கு. அந்தச் சாம்பலைப் பார்த்து ‘ஒழுங்கு இல்லை’ என்று சொல்ல நமக்கு உரிமை இல்லை என்றார்.

புத்தகத்தில் அவர் இன்னொரு படி போகிறார், கைவேலைக்காரனுக்கு உண்மையான சோதனை அங்கேதான். ஒரு சொட்டு விட்டு நாலு சுற்று. முதல் சொட்டு மறைந்ததும் சற்றுத் தள்ளி இரண்டாவது சொட்டு, இன்னும் நாலு சுற்று. பிறகு மூன்றாவது. இப்படிப் பல சொட்டுகளை உள்ளே மடித்துவிட்டு, எல்லாவற்றையும் திருப்பிச் சுற்றினால், கடைசியாக விட்டது முதலில் தெரிந்து மறையும், அடுத்த இடத்தில் அடுத்தது தெரிந்து மறையும். பார்ப்பவருக்கு ஒரே துகள் குறுக்கே நகர்ந்து போவதுபோல் இருக்கும். ஓடுகிற பொருள் என்று ஒன்று அங்கே இல்லை, முழுத் திரவத்திலிருந்தும் திரண்டு திரண்டு கலைவதுதான் இருக்கிறது. எலெக்ட்ரானையும் அப்படி நினைத்துப் பாருங்கள் என்கிறார் போம்.

எழுத ஒரு பத்தி. செய்ய வருஷக்கணக்கு. இரண்டாவது சொட்டுக்கு ஊசியை இறக்கும்போது, முதல் சொட்டு மறைந்து கிடக்கும் திரவத்தைத்தான் ஊசி கிழித்துக்கொண்டு போகிறது. முதல் சொட்டு சிதையாமல் என்ன செய்வது? மெல்லிய ஊசி தேடினேன், சுவரில் துளையிட்டுப் பக்கவாட்டில் விடலாமா என்று பார்த்தேன். ஆசான் ஒருநாள் பட்டறையில் உட்கார்ந்து நான் செய்வதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். “உருளையைத் திருப்புறப்போ சொட்டு வருதுல்லீங்க, ஊசியையும் அப்படியே திருப்புங்க” என்றார். அவ்வளவுதான். ஊசியும் திரவத்துக்குள் நகரும் ஒரு சுவர்தானே. எந்த வழியில், எந்த நிதானத்தில் இறங்கியதோ அதே வழியில் அதே நிதானத்தில் ஏறினால், அது தள்ளிவிட்ட திரவம் பழைய இடத்துக்கே வந்துவிடும். அதற்கு ஊசி ஆடாமல் இருக்க வேண்டும். மூடியில் ஒரு வில்வளைவில் வரிசையாகத் துளை போட்டு, ஒவ்வொன்றிலும் பித்தளை வழிகாட்டிக் குழாய் பொருத்தினேன். ஊசி அந்தக் குழாய்க்குள் நேராக இறங்கி நேராக ஏறும். துளைக்குத் துளை 4 மில்லிமீட்டர். சொட்டுகள் எல்லாம் ஒரே அளவில் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் துகள் வீங்கிச் சுருங்கி நடப்பதுபோல் தெரியும். நான் ஐந்து சொட்டுக்கு மேல் போவதில்லை. அதற்கு மேல் போனால் முதலில் விட்டது மிக மெலிந்து, திரும்பும்போது ஓரம் கரைந்துவிடும். ஐந்தும் சுத்தமாக வந்தால் அன்றைக்கு வேறு வேலை பார்க்க மாட்டேன்.

போமுக்கும் நம் பக்கத்துக்கும் உள்ள தொடர்பு ஜே. கிருஷ்ணமூர்த்தி. மதனப்பள்ளியில் 1895இல் பிறந்து, 1909இல் சென்னை அடையாற்றுக் கடற்கரையில் பிரம்மஞான சபைக்காரர்கள் கண்ணில் பட்டு, உலக குருவாக வளர்க்கப்பட்டு, 1929இல் அந்தப் பீடத்தையே கலைத்தவர். பிரிஸ்டல் பொது நூலகத்தில் போமின் மனைவி சாரல் கண்டெடுத்த கிருஷ்ணமூர்த்தியின் புத்தகம் ஒன்றில், பார்ப்பவனையும் பார்க்கப்படுவதையும் பற்றிய வரிகள் குவாண்டம் இயற்பியல் செய்துகொண்டிருந்த போமை நிறுத்தின. 1961இல் சந்தித்தார்கள். அதன் பிறகு இருபது வருஷத்துக்கு மேல் பேசினார்கள். 1980இல் அமெரிக்காவின் ஓஹாயிலும் இங்கிலாந்தின் பிராக்வுட் பார்க்கிலும் நடந்த உரையாடல்கள் ‘தி எண்டிங் ஆஃப் டைம்’ என்று புத்தகமாயின. கிருஷ்ணமூர்த்தி அறக்கட்டளை இருக்கும் சென்னை வசந்த விஹாருக்குப் போகிறவர்கள் அவற்றைக் கேட்கலாம், பார்க்கலாம். இருவரில் ஒருவரும் முடிந்த பதிலைக் கையில் வைத்துக்கொண்டு பேசவில்லை என்பது அந்தப் பேச்சைக் கேட்டாலே தெரியும். போம் “ஒரு நிமிஷம்” என்பதுபோல் நிறுத்தி நிறுத்தி, சொன்னதைத் திரும்ப எடுத்துச் சரிபார்ப்பார். அளவு எடுப்பவன் செய்கிற வேலை அது. பின்னாளில் இருவருக்கும் இடையே கசப்பும் வந்தது. அதனால் அந்த உரையாடல்களின் மதிப்பு எனக்குக் குறையவில்லை.

அந்தப் பேச்சுகளிலிருந்து போம் தன் கடைசி வருஷங்களில் வளர்த்தெடுத்த ஒரு கருத்து, என் வேலைக்கு நேராக உதவியது. கண்ணை மூடிக்கொண்டு கையைத் தூக்கினால், கை எங்கே இருக்கிறது என்று நமக்குத் தெரியும். உடம்புக்குத் தன் அசைவு தெரிகிறது. நினைப்புக்கு அந்த அறிவு இல்லை என்றார் போம். நினைப்பு ஒன்றைச் செய்துவிடும், பிறகு அது தானாக வெளியில் நடந்ததாக எண்ணிக்கொண்டு அதோடு சண்டை போடும். நினைப்பும் தன் அசைவைத் தானே உணர முடியுமா என்பதே அவர் விட்டுப்போன கேள்வி.

கைப்பிடியைச் சுற்றும்போது இதை நேராகப் பார்க்கலாம். திருப்பிச் சுற்றும் முதல் சுற்றில் ஒன்றும் தெரியாது என்றேன் அல்லவா? அப்போது ‘வருமா, வராதா, கிளிசரின் கெட்டுவிட்டதா’ என்று உள்ளே ஓடும். ஓடின கணமே கை வேகமாகும். 20 விநாடிச் சுற்று 12 ஆகிவிடும். கையின் வேகத்தைக் கைக்குத் தெரியும். அந்த வேகத்தைக் கூட்டிய நினைப்பு வந்தது தெரியாது. கற்றுக்கொள்கிறவர்களுக்கு நான் சொல்வது, கையை அடக்காதீர்கள், கை மாறுவதைக் கவனியுங்கள் என்பதுதான். கவனித்தால் அது தானாகப் பழைய நிதானத்துக்கு வருகிறது. மோட்டார் வைக்காத காரணமும் இதுதான். மோட்டார் சொட்டைத் திரும்பக் கொண்டுவந்துவிடும், ஆனால் சுற்றுகிறவன் தன்னைப் பார்க்கும் வாய்ப்பு போய்விடும்.

ஒன்றைக் கறாராகச் சொல்ல வேண்டும். இந்தக் கருவியை வைத்து மறுபிறவி நிரூபணமாயிற்று, ஆன்மா நிரூபணமாயிற்று, குவாண்டம் இயற்பியல் முடிந்தது என்றெல்லாம் சொல்லும் கூட்டம் உண்டு. ஒரு விழாவில் என் கருவிக்குப் பக்கத்திலேயே நின்று ஒருவர் அப்படிப் பேசினார். முடித்ததும் மைக்கை வாங்கி, இது கிளிசரினும் விளக்குக் கரியும், நகர்வது மெதுவாக இருப்பதால் திரும்பி வருகிறது, தண்ணீரில் செய்தால் வராது என்று சொல்லிவிட்டு இறங்கினேன். போமே இதை ஓர் உவமை என்றுதான் வைத்தார். மைத்துகள் ஒவ்வொன்றும் மறைந்திருக்கும்போதும் தனித்தனித் துகள்தான், தான் சொல்லும் உள்மடிந்த ஒழுங்கில் எல்லாவற்றுக்குள்ளும் எல்லாம் மடிந்திருக்கிறது, ஆகவே உவமை அதற்கு மேல் செல்லாது என்று அவரே எல்லை போட்டார். உவமையைச் செய்கிறவனுக்கு அந்த எல்லை எங்கே என்று தெரிந்திருக்க வேண்டும். செய்யாமல் பேசுகிறவர்களுக்குத்தான் அது தெரிவதில்லை.

வேலை முடிந்ததும் கழுவுவதை யாரும் சொல்லித் தருவதில்லை. கிளிசரினைத் திரும்பக் கேனில் ஊற்றாதீர்கள், மை கலந்ததற்குத் தனி பாட்டில் வையுங்கள். உருளையை வெதுவெதுப்பான தண்ணீரில் ஊறவிட்டால் கிளிசரின் தானாகக் கரைந்து போய்விடும். அக்ரிலிக்கை ஸ்பிரிட் தொட்டுத் துடைத்தால் மயிரிழை மயிரிழையாக விரிசல் விடும். உலர்ந்த துணியால் தேய்த்தால் கீறல் விழும். ஈரத்தோடு மெல்லிய பருத்தித் துணியால் ஒற்றி, நிழலில் கவிழ்த்து வைக்க வேண்டும். முழுக்க உலராமல் மறுபடி கிளிசரின் ஊற்றினால் அந்த ஈரத்தை அது குடித்துக்கொள்ளும் என்பதை மறக்க வேண்டாம்.

போம் 1992 அக்டோபர் 27 அன்று லண்டனில், கல்லூரியிலிருந்து வீட்டுக்கு வந்த டாக்ஸியில் இறந்தார். உடன் வேலை செய்த பேசில் ஹைலியோடு எழுதிய கடைசிப் புத்தகம் அடுத்த ஆண்டு வெளிவந்தது. அதைப் படித்துப் புரிந்துகொள்ளக் கணக்கு வேண்டும். கிளிசரின் உருளைக்கு அது வேண்டாம். ஐந்து லிட்டர் கேன், ஒரு முழம் அக்ரிலிக் குழாய், ஆட்டம் இல்லாத இரண்டு பேரிங், கொஞ்சம் விளக்குக் கரி போதும். ஆசிரியர்களிடம் நான் கேட்பது ஒன்றுதான்: கருவியை நீங்கள் சுற்றிக் காட்டிவிட்டு அலமாரியில் பூட்டி வைக்காதீர்கள். ஒவ்வொரு பிள்ளையும் ஒருமுறையாவது தன் கையால் நாலு சுற்று போய், நாலு சுற்று திரும்பி வரட்டும்.